ராத்திரிச் சாவடி

இரண்டரை மணிக்கு எழுந்து
வேட்டியை மடித்துக் கட்டி
சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டு
படுக்கையறைக்கும் பாத்ரூமுக்கும் நடுவே
கையைக் குறுக்கே நீட்டி நிற்கிறார்.
‘நிறுத்து. என்ன லோடு?’

எனக்கோ அவசரம்.

புளியரையில் இது சாரல் காலம்.
எஸ் வளைவில் லாரிகள் முனகி ஏறும் சத்தம்
விடிய விடிய ஓட்டின் மேல் உருளுகிறது.
ஒவ்வொரு முனகலுக்கும் எழுந்துவிடுகிறார்.
வணிகவரிச் சாவடியைப் பிரித்து
வருஷம் எட்டு ஆகிறது,
தகரம்கூட மிச்சமில்லை அங்கே.
ஒருநாள் சொல்லிப் பார்த்தேன்:
‘நீங்க ரிட்டயர் ஆயாச்சு. இது வீடு. நான் உங்க பெண்டாட்டி.’
‘எல்லா டிரைவரும் இதத்தான் சொல்லுதான்’ என்றார்.

கொழுந்தன் மலைக்கு அந்தப் பக்கம் போய்
கயிறு மந்திரித்து வந்தான்.
மணிக்கட்டில் கிடக்கிறது, ஈரமாக.
மஸ்கட்டிலிருந்து மகன் சொன்னான்: ‘ரூமைப் பூட்டிரும்மா.’
பூட்டினேன்.
ஒரே ஒரு ராத்திரி.
விடிந்தபோது கதவின் உட்பக்கம் நகக் கீறல்,
சுண்டுவிரல் வீங்கிக் கத்தரிக்காய் நிறம்.
அதைப் பற்றி இதற்கு மேல் எழுதமாட்டேன்.

புனலூர் டாக்டர் ஜெஸ்ஸம்மா
ஸ்கேன் படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார்.
சிரட்டைக்குள் வற்றிய கொப்பரை.
மாத்திரை இதைத் திருப்பித் தராது,
போகிற வேகத்தைக் கொஞ்சம் குறைக்கும், அவ்வளவுதான்.
பிறகு கேட்டார்:
‘இவர்க்கு என்ன ஜோலி ஆயிருந்நு?’
இரண்டு வருஷத்தில் நாலு ஆஸ்பத்திரியில்
யாரும் கேட்காதது.
சொன்னேன்.
‘அப்போ டியூட்டியில் நிக்கிறார். தர்க்கிக்கண்டா சேச்சி.
பேப்பர் கொடுங்க.’

அன்றிலிருந்து கொடுக்கிறேன்.
கேஸ் ரசீது, ரேஷன் பில், கரண்ட் அட்டை.
டார்ச் அடித்து, தலைகீழாகப் பிடித்து,
வரிவரியாக விரல் ஓட்டி வாசிக்கிறார்.
‘வைக்கோலா?’
‘வைக்கோல்தான் சார்.’
‘அடியில அரிசி?’
‘தார்ப்பாயை அவிழ்த்துப் பாருங்க சார்.’
‘சரி, போ.’
போகிறேன்.
திரும்பி வருகையில் காலி வண்டி, கேள்வி கிடையாது.
மாத்திரையும் அப்படித்தான்:
மருந்து என்றால் துப்புவார்,
‘டீ சார்’ என்றால் கை நீட்டி வாங்கிக்கொள்வார்.

கை நீட்டாத நயினார் என்று
ஊரில் பேர் அவருக்கு.
கல்யாண வீடுகளில்
என்னை முன்வரிசையில் உட்கார வைத்த பேர்.

ஆவணிக் கடைசியில் ஒரு ராத்திரி
ரசீதைப் பார்த்து முடித்தும் வழி விடவில்லை.
டார்ச்சை அணைத்தார்.
ரசீதுக்கு அடியில் உள்ளங்கை விரிந்தது,
சின்னதாக, பழகிய மாதிரி.
முகம் மட்டும் வேறெங்கோ,
சுவரில் காலண்டர் தொங்குகிற பக்கம்.

இதை டாக்டர் சொல்லித் தந்திருக்கவில்லை.
ஒரு லாரி வளைவு முழுக்க ஏறி முடிக்கும்வரை நின்றேன்.
கையில் கிடந்த நாலு வளையலை
அப்போதுதான் எண்ணினேன்.

முந்தியை அவிழ்த்து
இருபது ரூபாய் வைத்தேன்.
விரல்கள் மூடிக்கொண்டன.
‘பாத்துப் போ. மேல மழை.
லைட்டை டிம் பண்ணிக்கோ.’
அவ்வளவு கனிவாக என்னிடம் பேசி
எத்தனை காலம்.

தினமும் எழுதி வைக்கச் சொல்லி
டாக்டர் ஒரு நோட்டுத் தந்திருக்கிறார்.
எழுதினேன்:
‘2.40க்கு எழுந்தார். கோபம் இல்லை.
மூன்று மணிக்குத் தூங்கிவிட்டார்.’
இருபது ரூபாயை எழுதவில்லை.

காலையில் சட்டை துவைக்கும்போது
பையில் இருந்தது, நாலாக மடித்து.
அடுப்புத் திண்டில் காய வைத்து
மறுபடி முந்தியில் முடிந்துகொண்டேன்.
ராத்திரிக்கு வேண்டும்.